சும்மா படம்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, கண்ணை மூடலாம் என்று சாய்ந்த நேரத்தில் மகள் கூடத்திலிருந்து குரல் கொடுத்தாள். "அப்பா, இடம் ஃபுல்லுன்னு வருது. பழசையெல்லாம் அழிச்சிரட்டுமா?" எழுந்து போய்ப் பார்த்தால், அவள் கையில் கேம் கன்ட்ரோலர். டிவி முழுக்க அவள் ஆடும்போது எடுத்து வைத்த ஸ்கிரீன்ஷாட்டுகள் வரிசை வரிசையாக நிற்கின்றன. இப்போதெல்லாம் ஒரு பொத்தானை அமுக்கினால் ஒரு படம். ஆட்டம் ஒரு நொடிகூட நிற்பதில்லை. அவள் பாட்டுக்கு ஒவ்வொன்றாகத் தேர்ந்தெடுத்து அழிக்கப் போனாள். "அழிக்காதே!" என்று நான் போட்ட சத்தத்தில் அடுப்படியிலிருந்து மனைவி கரண்டியோடு ஓடிவந்தாள். பிள்ளை எங்கேயோ விழுந்துவிட்டது என்று நினைத்திருக்கிறாள். விஷயம் தெரிந்ததும், "பொம்மைப் படத்துக்கா இந்தக் கூப்பாடு போட்டீங்க?" என்றாள். பிறகு நானே கடைக்குப் போய் அதற்கென்று ஒரு ஹார்ட் டிஸ்க் வாங்கி வந்தேன். மகளுக்கு அது எதற்கென்றே புரியவில்லை. அவளுக்கு அந்தப் படங்கள் வேண்டவும் வேண்டாம்.

உங்களிடம் சொல்வதற்கென்ன, எனக்குத்தான் வேண்டியிருந்தது. நான் ஒருமுறை அழித்திருக்கிறேன். என்னுடையதை அல்ல.

எங்கள் வீடு திருக்கோகர்ணத்தில். தெருவிலேயே முதல் கம்ப்யூட்டர் எங்கள் வீட்டுக்குத்தான் வந்தது. வள்ளியக்கா கல்லூரியில் கம்ப்யூட்டர் சயன்ஸ் சேர்ந்திருந்ததால் அப்பா வாங்கினார். அட்டைப்பெட்டியைப் பிரித்தபோது வந்த தெர்மாகோல் வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. பெட்டியைப் பத்திரமாகப் பரணில் ஏற்றினார்கள். நாங்கள் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் அந்த அறைக்குள் போவோம். ஆயுத பூஜைக்கு அம்மா மானிட்டருக்குச் சந்தனம் வைத்துக் குங்குமம் வைத்தாள், சி.பி.யு.வுக்குத் தனியாக ஒரு பொட்டு. சாம்பிராணிப் புகை உள்ளே போய்விடும் என்று அக்கா கத்திக்கொண்டே இருந்தாள். அம்மா கேட்டால்தானே. சாமியைக் கும்பிட்டால் கெட்டுப்போகிற மெஷின் நமக்கு எதற்கு என்றாள்.

அதில் சி ப்ளஸ் ப்ளஸ் ஓடியதைவிடக் கேம் ஓடியதுதான் அதிகம். என் வகுப்புத் தோழன் ஒருவன் கொடுத்த சிடியில் ஓர் ஆட்டம் இருந்தது. கடலோரத்தில் ஒரு பட்டணம். அதில் காரைத் திருடி, கண்டபடி ஓட்டி, போலீஸிடம் சிக்காமல் தப்பிக்க வேண்டும். நான் பத்தாவது படிக்கிற பையன். பாலத்தில் போகிற அத்தனை பேரையும் இடித்துத் தள்ளுவதைப் பெரிய வீரம் என்று நினைத்திருந்தேன். அக்கா ஆடுவது வேறு தினுசு. சிவப்பு விளக்கு எரிந்தால் நிறுத்துவாள். விளையாட்டில்கூட! பின்னால் வருகிறவன் ஹாரன் அடிப்பான். நான் தலையில் அடித்துக்கொள்வேன். அவள் மெதுவாகக் கடற்கரைச் சாலையில் ஓட்டிப் போய், காரை ஓரமாக நிறுத்திவிட்டு இறங்கி நிற்பாள். அந்த ஊரில் ஒரு நாள் என்பது நம் அரை மணி நேரத்துக்கும் குறைவு. சூரியன் இறங்கும்வரை நிற்பாள். இறங்கியதும் படம் எடுப்பாள்.

படம் எடுப்பது என்றால் இப்போது மாதிரி இல்லை. விசைப்பலகையின் மேல் வரிசையில் பிரிண்ட் ஸ்கிரீன் என்று ஒரு விசை இருக்கும். ரெக்கார்டு நோட்டில் அவுட்புட் ஒட்டுவதற்காகக் கல்லூரி லேபில் அவளுக்குச் சொல்லிக்கொடுத்த வித்தை அது. அதை அமுக்கினால் ஒன்றுமே நடக்காது. ஒரு சத்தம்கூட வராது. உடனே ஆட்டத்தைச் சுருக்கிவிட்டு, பெயின்ட்டைத் திறந்து, ஒட்டி, பெயர் கொடுத்துச் சேமிக்க வேண்டும். அதற்குள் இன்னொரு தடவை அந்த விசையை அமுக்கிவிட்டால் முதல் படம் போச்சு. மெஷினின் நினைவில் ஒரு நேரத்தில் ஒன்றுதான் நிற்கும். அக்கா பெயின்ட்டைத் திறக்கிற நேரம் பார்த்து, குறுக்கே கையை நீட்டி நான் அந்த விசையை அமுக்கியிருக்கிறேன். முதுகில் வாங்கியும் இருக்கிறேன். பல நேரம் மெஷின் முனகிவிட்டு அப்படியே நின்றுவிடும். நான் பாடுபட்டு முடித்த ஆட்டமும் அதோடு போய்விடும். சில படங்கள் ஒட்டினால் வெறும் கறுப்பாக வரும். அதையும் அவள் அழிக்க மாட்டாள். "அதுல கடல் இருக்குடா. தெரியல, அம்புட்டுத்தான்" என்பாள்.

ஒவ்வொரு படமும் ஏறக்குறைய ஒரு ஃப்ளாப்பியை அடைத்துக்கொள்ளும். தோழி ஒருத்தி பிறந்தநாளுக்கு ஃப்ளாப்பியில் ஒரே ஒரு படத்தைப் போட்டு, ரிப்பன் கட்டிக் கொடுத்தாள் அக்கா. அந்தப் பெண் வீட்டில் கம்ப்யூட்டர் கிடையாது. ஃப்ளாப்பியைச் சட்டம் போட்டு மாட்டினாளோ என்னவோ தெரியாது.

படங்களுக்குப் பெயரெல்லாம் தமிழில்தான், ஆங்கில எழுத்தில் அடித்து வைப்பாள். கடல் ஒன்று, கடல் இரண்டு, மழைக்கு முன்னால், பச்சைக் கதவு வீடு. இரண்டு வருஷத்தில் அந்த ஃபோல்டர் வீங்கி, வன்தட்டில் எனக்கு இடமில்லாமல் அடித்தது. நான் சண்டைக்குப் போனேன். "எதுக்குக்கா இந்தக் குப்பை?" என்று கேட்டேன். அப்போதுதான் அவள் கல்லூரியில் எல்லாரும் கொடைக்கானல் டூர் போயிருந்தார்கள். அப்பா கையெழுத்துப் போடவில்லை. "பொம்பளப்புள்ளைக்கு டூரு என்னாத்தா டூரு, வீட்டுல இரு" என்று ஒரே பேச்சாக முடித்துவிட்டார். அக்கா அழவில்லை. டூர் போன மூன்று நாளும் அந்த ஆட்டத்தில் ஊரைச் சுற்றிக்கொண்டிருந்தாள். நான் குப்பை என்றதும் திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்: "நான் போன ஊரெல்லாம் இதுலதான்டா இருக்கு."

எனக்கு அப்போது சிரிப்பு வந்தது. சிரித்தேன்.

படிப்பு முடிந்த வருஷமே ஆவுடையார்கோவிலில் மாப்பிள்ளை அமைந்தது. மச்சான் துபாயில் வேலை; கல்யாணத்துக்கென்று லீவில் வந்திருந்தார். கட்டில், பீரோ, பாத்திரம் என்று சீர் அடுக்கியபோது அப்பாவுக்கு ஒரு யோசனை தோன்றியது. கம்ப்யூட்டரையும் சீரில் வைத்துவிடலாம். சுற்றுவட்டாரத்தில் யார் கம்ப்யூட்டர் சீர் வைத்திருக்கிறார்கள்? பரணிலிருந்து அட்டைப்பெட்டி இறங்கியது. தெர்மாகோல் அப்படியே இருந்தது. அம்மா ஈரத்துணியால் குங்குமத்தைத் துடைத்தாள். அப்பா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "உள்ள இருக்கிறத எல்லாம் தொடச்சு எடுத்துரு. சம்பந்தி வீட்டுல போட்டுப் பாத்தா, பொண்ணு பூராநேரமும் கேம் ஆடிக்கிட்டுக் கெடந்துருக்குன்னுல நெனைப்பாங்க. பெட்டியப் பிரிச்சா புதுசு மாதிரி இருக்கணும்" என்றார்.

பெண்ணையும் அப்படித்தான் அனுப்பினார்கள். அவள் என்ன பார்த்தாள், எதை விரும்பினாள் என்று எந்தத் தடயமும் இல்லாமல். இதை நான் இன்றைக்குக் கோபத்தோடு எழுதுகிறேன். அன்றைக்கு நான் அப்பா கட்சி.

அக்காவுக்கு விஷயம் தெரிந்தது. மருதாணி காயாத கையைத் தூக்கிப் பிடித்தபடி என் அறைக்கு வந்தாள். "தம்பி, எதை வேணா அழிச்சுக்க. என் ஃபோல்டரை மட்டும் சிடில போட்டுக் குடுத்துருடா. அங்க போயி போட்டுக்கிறேன்" என்றாள். போட்டுத் தருகிறேன் என்றேன். சத்தியம்கூடக் கேட்கவில்லை அவள். சின்ன வயதிலிருந்து எதற்கெடுத்தாலும் என்னைத்தான் கேட்பாள். தம்பி, ரீஃபில் வாங்கிட்டு வா. தம்பி, சைக்கிளுக்குக் காத்தடிச்சுக் குடு. கேட்டால் செய்வான் என்று ஒரு நினைப்பு.

சி.பி.யு.வை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு கீழ ராஜ வீதியில் ஒரு கம்ப்யூட்டர் கடைக்குப் போனேன். கையில் ஒரு சிடி. என்னிடம் ஒரு கிரிக்கெட் ஆட்டம் இருந்தது. அதில் ஒரு முழு சீசன் ஆடி, என் பெயரில் ஒரு பேட்ஸ்மேனை உருவாக்கி, சதம் சதமாக அடித்து வைத்திருந்தேன். கடைக்கார அண்ணன் இரண்டு ஃபோல்டரையும் பார்த்துவிட்டு, "ரெண்டும் ஒண்ணா ஏறாது தம்பி. ஒண்ணுதான். எதைப் போட?" என்றார். இன்னொரு சிடி போடலாமா என்று அவரே கேட்டார். முதுகுக்குப் பின்னால் அடுக்கி வைத்திருந்தார். ஒரு சிடி எழுத அப்போது அரை மணி நேரம் ஆகும். கிரவுண்டில் பையன்கள் டீம் பிரிக்கக் காத்திருந்தார்கள். கிரிக்கெட்டைக் காட்டி, "இதைப் போடுங்கண்ணே" என்றேன். "அப்ப இது?" என்று அவர் அக்காவின் ஃபோல்டர் மேல் சுட்டியை வைத்தார்.

"அது வேணாம்ணே. சும்மா படம்" என்றேன்.

அவர் ஃபார்மட் கொடுத்தார். நான் நின்று பார்த்தேன். சதவீதம் ஏறிக்கொண்டே போனது. கொஞ்சம் மெதுவாகப் போகிறதே என்று எரிச்சல்கூடப் பட்டேன். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், என் கேவலம் முழுசாகத் தெரியட்டும். மறு வருஷம் நான் கல்லூரிக்குப் போனபோதுதான், படங்களை வேறு வகையில் சேமித்தால் பத்தில் ஒரு பங்காகச் சுருங்கும் என்று தெரிந்தது. சேமிக்கும்போது பெயருக்குக் கீழே ஒரு பட்டியல் இருக்குமே, அதில் ஜேபெக் என்பதைத் தேர்ந்தெடுத்தால் போதும். என் கிரிக்கெட்டோடு சேர்த்து அந்த ஒரே சிடியில் அக்காவின் அத்தனை ஊரும் ஏறியிருக்கும். எங்கள் இரண்டு பேருக்குமே அது தெரியாது.

கல்யாணத்தன்று சிடி எங்கே என்று கேட்க அவளுக்கு நேரமில்லை. ஒரு மாதம் கழித்துப் புகுந்த வீட்டு லேண்ட்லைனிலிருந்து கூப்பிட்டாள். பக்கத்தில் அவள் மாமியார் இருந்திருக்க வேண்டும். குரலை இறக்கிப் பேசினாள். "தம்பி, இன்னைக்குத்தான் பெட்டியப் பிரிச்சு மாட்டுனாக. அதுல ஒண்ணும் இல்லடா. சிடி எங்க வச்ச?"

"வைரஸ் வந்துருச்சுக்கா. எல்லாம் போச்சு" என்றேன். யோசிக்கவே இல்லை. வாயில் தயாராக இருந்தது போல வந்தது.

 "சரி விடு. சாப்டியா?" என்று கேட்டுவிட்டு வைத்தாள். மச்சான் துபாய் திரும்பிய பிறகு அந்தக் கம்ப்யூட்டர் பூப்போட்ட உறை போட்டு மூடியபடியே இருந்தது. வருகிறவர்களுக்கு உறையைத் தூக்கிக் காட்டுவார்கள். அக்கா அதன் முன்னால் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை.

மகளுடைய அந்த 'அழிச்சிரட்டுமா'வுக்குப் பிறகு ஒரு வாரம் எனக்குச் சரியாகத் தூக்கமில்லை. அந்தப் பழைய ஆட்டத்தைப் புதுப்பித்து விற்கிறார்கள். வாங்கி, மகளின் கன்சோலில் ஏற்றினேன். நாற்பது வயதுத் தடியன், ஆபீஸுக்கு லீவு போட்டுவிட்டுக் கடற்கரைச் சாலையில் சிவப்பு விளக்குக்கு நின்று நின்று ஓட்டினேன். அக்கா நிற்கும் இடத்தைக் கண்டுபிடித்துவிட்டேன். ஆனால் அந்த இடம் இல்லை. பழைய மெஷின்களுக்குத் தூரத்தை வரையச் சக்தி கிடையாது; கடலுக்கு அந்தப்பக்கம் எல்லாம் புகையாக இருக்கும். அதைத்தான் அவள் பார்த்துக்கொண்டே நிற்பாள். இப்போது அந்தப் புகையை எடுத்துவிட்டார்கள். பட்டணம் எங்கே ஆரம்பித்து எங்கே முடிகிறது என்று பளிச்சென்று தெரிகிறது. முடிகிற இடம் ரொம்பப் பக்கத்தில் இருக்கிறது. இருந்தாலும் ஐம்பது அறுபது படம் எடுத்து ஃபோனில் ஏற்றிக்கொண்டு ஆவுடையார்கோவிலுக்கு பஸ் ஏறினேன்.

அக்கா கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்தாள். ஏழெட்டுப் படத்துக்கு மேல் தள்ளவில்லை. ஃபோனை என்னிடமே கொடுத்தாள்.

"அக்கா, அன்னைக்கு வைரஸெல்லாம் இல்லக்கா" என்றேன்.

"தெரியும்டா" என்றாள். "தலைத்தீபாவளிக்கு வந்தப்ப ஒன் அலமாரியில சிடியப் பாத்தேன். கிரிக்கெட்டுன்னு ஒன் கையெழுத்துல எழுதியிருந்துச்சு. வைரஸ் வந்த மெஷின்ல அது மட்டும் எப்புடித் தப்பிச்சிச்சு?"

"அப்பவே ஏன்க்கா கேக்கல?"

"கேட்டா இன்னொரு பொய்யி சொல்லுவ. எதுக்கு?" காபி போடுகிறேன் என்று எழுந்து உள்ளே போனாள்.

நான் அந்தக் கூடத்தில் உட்கார்ந்து யோசித்துப் பார்த்தேன். அவள் பெண்ணுக்குக் காது குத்தினோம், பெண் பெரியவளானாள். எல்லாவற்றுக்கும் தாய்மாமன் சீர் நானாகக் கொண்டுபோய் இறக்கியதுதான். மற்ற அக்காமார்கள் தம்பிகளிடம் உரிமையோடு அது செய், இது எங்கே என்று கேட்டு வாங்குகிறார்கள். எங்கள் வீட்டில் மட்டும் அக்காவுக்கு வாய் கூச்சம் என்று இருபது வருஷமாகப் பெருமையடித்துக்கொண்டிருந்தேன். லேண்ட்லைனில் அந்தச் சிடியைக் கேட்ட பிறகு அவள் என்னிடம் எதையுமே கேட்டதில்லை.