பிந்துவின் ஊருக்கு முன்னால் ஓடும் ஆறு

பழவங்காடியில் நான் வேலை பார்க்கும் துணிக்கடையில் பிந்து என்னோடு ஆறு வருடம் இருந்தாள். விதுராவுக்கு அப்பால், காணிப் பழங்குடியினரின் குடி ஒன்றைச் சேர்ந்தவள். வாரம் முழுக்க நகரத்தில் விடுதி, ஞாயிறு மட்டும் ஊரில் கணவன், மகளோடு. போன ஆடி மழையில் அவள் கணவன் சசி இறந்துபோனான். பிறகு அவள் வேலைக்கு வரவில்லை. ஃபோனும் எடுக்கவில்லை. “போய்க் கூட்டிட்டு வாங்க” என்றார் முதலாளி. தை மாதம், முதல் ஞாயிறு கிளம்பினேன்.

தம்பானூரில் காலை 6.10க்குப் பேருந்து. 7.50க்கு விதுரா. நீங்கள் போனால் புட்டும் கடலையும் அங்கேயே சாப்பிட்டுவிடுங்கள், மேலே கடை கிடையாது. பிறகு ஜீப்பில் ஒன்பது கிலோமீட்டர், 400 ரூபாய். ஆற்றங்கரையில் ஓட்டுநர் வண்டியை நிறுத்தினார்.

“இனி வண்டி போவாது சேச்சி. இறங்கி நடக்கணும். இப்ப முட்டளவு வெள்ளந்தான்.”

செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்தேன். மூன்று நிமிடம்கூட ஆகவில்லை. அக்கரையில் மரச்சீனிக் கிழங்கு, வாழை, கமுகில் படர்ந்த நல்லமிளகுக் கொடி, நடுவே பதினோரு வீடுகள். பிந்து ஏணியில் நின்று மிளகு பறித்துக்கொண்டிருந்தாள். மிகவும் மெலிந்திருந்தாள்.

பாலில்லாத கட்டன்சாயா தந்தாள். கடைக்குத் திரும்பி வரும்படி கேட்டேன். அவள் ஆற்றோரப் பாறையைப் பார்த்தபடி சொன்னாள்.

“அவருக்குக் காய்ச்சல்னு கேட்டதும் ஓடி வந்தேன் அக்கா. ஆத்துல ரெண்டாள் ஒசரம் வெள்ளம். நான் அந்தக் கரையில. ஆசுபத்திரிக்குக் கொண்டு போவலாம்னு அவரை நாற்காலியோட தூக்கிட்டு வந்து இந்தப் பாறையில வச்சாங்க. கடக்க முடியல. என்னைப் பாத்துக் கைய ஆட்டினாரு, மழையில நிக்காத, போன்னு. நான் போவல. சாயங்காலம் இங்க எல்லாரும் அழுத சத்தம் கேட்டுதான் எனக்குத் தெரிஞ்சுது. மறுநாளு உச்சைப் பொழுதுக்குத்தான் கடந்தேன்.”

“மகளையும் கூட்டிக்கொண்டு நகரத்துக்கே வந்துவிடேன்” என்றேன்.

அவள் பலாமரத்தைக் காட்டினாள். “அவரை அங்கதான் அடக்கினோம். அவருக்கு முந்தி உள்ளவங்க எல்லாரும் அங்கதான். இந்த மண்ணை விட்டா நாங்க யாரு அக்கா? மோளை இங்க விட்டிட்டு வரவும் மாட்டேன். இனி ஒரு மழையிலயும் நான் அந்தக் கரையில நிக்க மாட்டேன்.”

நான் மறுபடி கேட்கவில்லை. மூன்று மணிவரை அவளோடு மிளகு பறித்தேன்.

இந்தப் பயணத்தை எழுதப்போகிறேன் என்றேன்; ஊர்ப் பெயரை எழுத வேண்டாம் என்றாள், எழுதவில்லை. அந்தப் பக்கத்துக் குடிகள் எதற்குப் போனாலும் வனத்துறையிடம் முன்கூட்டியே அனுமதி வாங்குங்கள். நாலு மணிக்குள் திரும்பிவிடுங்கள், அதற்குப் பிறகு யானைகள் ஆற்றுக்கு இறங்கும். மழைக்காலத்தில் போகாதீர்கள். நம்மால் அந்த ஆற்றைக் கடக்காமல் இருக்க முடியும்.