ஜென்மியைப் போலிருந்த ஜெர்மன் நடிகர்

துபாயில் ஒரு ஜெர்மன் இன்ஜினீயர் வீட்டில் சமையல்காரனாக இருந்த என் அண்ணன், லீவுக்கு வரும்போது வி.சி.ஆரோடு ஒரு பெட்டி நிறைய வீடியோ கேசட்டும் கொண்டு வந்தான். முதலாளி வேண்டாமென்று ஒதுக்கியவை. எல்லாம் ஜெர்மன் டி.வி. நாடகங்கள். பாறசாலைப் பக்கம் யாருக்கு ஜெர்மன் தெரியும்? ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் கால் வைக்க இடமிருக்காது. காரணம், அதில் வந்த ஒரு நடிகர்.

பெரிய நடிகரெல்லாம் இல்லை. கேசட்டுக்கு நாலு நிமிடம் வருவார். ஒன்றில் டாக்டர், ஒன்றில் திருடன், ஒன்றில் பாதிரியார். கையில் அகப்பட்ட வரிசையில் நாங்கள் கேசட் போட்டதால், அந்த மனிதரின் பிழைப்பு எங்கள் ஊரில் தாறுமாறாக நடந்தது. தலை நரைத்து, பிறகு கறுத்து, ஒரு வாரம் செத்து, அடுத்த வாரம் ஜட்ஜியாகி வந்தார். "களவாண்டவனை எவன்லே ஜட்ஜியாக்கினது?" என்று பக்கத்து வீட்டு மாமா சண்டைக்கே வந்துவிட்டார்.

ஆள் அச்சு அசல் எங்கள் பழைய ஜென்மி, அதாவது நிலத்துக்காரர். அதே வழுக்கை, அதே தொங்கு மீசை, பேசுமுன் மூக்கை உறிஞ்சும் அதே வழக்கம். நிலச்சீர்திருத்தத்தில் நாங்கள் குடியிருந்த பத்து சென்ட் அவரிடமிருந்து எங்களுக்குக் கிடைத்தது. அதற்கு முன்பு ஒரு மழைக்காலத்தில், அப்பா எதிர்த்துப் பேசினார் என்று எங்கள் சட்டி பானைகளை ஆள் விட்டு வெளியே எறிந்தவர். ஒரு கேசட்டில் ஜெர்மானியரும் வீட்டுக்காரராக வந்து ஒரு விதவையின் சாமான்களைத் தெருவில் எறிவார். கடைசியில் போலீஸ் விலங்கு மாட்டும். அதைத்தான் சனங்கள் திரும்பத் திரும்பப் போடச் சொல்லிக் கைதட்டினார்கள். நானும் தட்டினேன். மறைப்பானேன், சுகமாகத்தான் இருந்தது.

விஷயம் ஜென்மியின் காதுக்குப் போய், ஒரு ஞாயிறன்று வந்தே விட்டார். எங்கள் வீட்டுக்குள் அவர் அதுவரை நுழைந்ததில்லை. என்ன இருந்தாலும் வயதானவர், நம் வீட்டில் வைத்து நாலு பேர் முன்னால் அவமானப்படக் கூடாதென்று, அப்பா நாற்காலியைத் துடைத்துப் போட்டுவிட்டு ஜட்ஜி கேசட்டைச் செருகினார்.

ஜென்மி கொஞ்ச நேரம் பார்த்தார். "இது வேண்டாம் மக்கா. போலீஸ் பிடிச்சோண்டு போற ஒண்ணு உண்டாமே, அதைப் போடு."

போட்டோம். பெட்டி தெருவில் விழுந்தது, பாத்திரங்கள் உருண்டன, போலீஸ் வந்தது. ஒருவர்கூடக் கைதட்டவில்லை. எனக்கு வெட்கத்தில் தலை நிமிரவில்லை. அவர் மட்டும் விலங்கைப் பார்த்து வயிறு குலுங்கச் சிரித்தார்.

முடிந்ததும் அப்பாவிடம் கேட்டார்: "நானும் இப்பிடித்தான் இருந்தேனாலே?"

"அது நடிப்பாக்கும், ஏமானே."

"அவனுக்கு நடிப்பு. நான் நடிக்கல்லியே."

அப்பாவுக்குப் பொய் சொல்லத் தெரியாது. வாசல்வரை கூடப் போனார்.

அடுத்த ஞாயிறும் ஜென்மி வந்தார். யாரும் எழுந்து நிற்கவில்லை. கொஞ்சம் நகர்ந்து, பாயில் அவருக்கு இடம் விட்டார்கள்.