பல்லில் கடித்த நூல்

நம்பாதவர்கள் நம்ப வேண்டாம். எனக்கு ஒன்றும் குறைந்துவிடாது. ஆனால் போன டிசம்பரில் குன்னூரில் இது நடந்தது. ஊசி பிடித்திருந்தது என் கைதான்.

நான் மாலதி, சினிமாவில் காஸ்ட்யூமர். ஊர் கோயம்புத்தூர். எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்தவர் ராஜகுமாரியம்மா. தேவாலா தேயிலை எஸ்டேட்டில் தொழிலாளர் குடியிருப்பான லயத்தில் வளர்ந்து, சென்னைக்குப் போய், ஆண்கள் மட்டுமே இருந்த தையல் கூடத்தில் டிசைனராக உட்கார்ந்தவர். கொழுந்து பறிக்கும் கதாநாயகிக்குப் பட்டுச் சேலை கொடுத்த காலம் அது. அதைத் தூக்கி எறிந்துவிட்டு, வெளுத்த சேலையும் இடுப்பில் சாக்குமாக அந்த நாயகியைக் கேமரா முன்னால் நிறுத்தினாராம். அப்படி ஒரு துணிச்சல்.

என்னை "மாலு" என்று கூப்பிட்டவர் அவர் ஒருவர்தான். எதைத் தைத்துக் காட்டினாலும் "கோணல்" என்பார்.

அவரிடம் ஒரு விதி உண்டு. உடம்பில் இருக்கும் துணியைத் தைத்தால், போட்டிருப்பவர் பல்லில் ஒரு நூலைக் கடித்துக்கொள்ள வேண்டும். "பொணத்துக்குத்தான் நூல் குடுக்காம தைப்பாங்க" என்பார். நாங்கள் சிரிப்போம். ஆனால் மறக்காமல் செய்வோம்.

அவர் இறந்து ஒரு வருடம் கழித்து, குன்னூரில் அவர் தனியாக வாழ்ந்த பங்களாவிலேயே எங்கள் ஷூட்டிங். கதாநாயகி காயத்ரிக்கு முதல் படம். ஈரோட்டுப் பெண். "இவளப் பத்தரமாப் பாத்துக்கங்க" என்று அவள் அம்மா என் கையைப் பிடித்து ஒப்படைத்திருந்தார். அவளும் அக்கா, அக்கா என்று என்னையே சுற்றி வருவாள். எனக்கு அவள்மேல் அவ்வளவு பாசம்.

மாலை ஐந்தே முக்கால். மேகம் இறங்கி ஜன்னலை மூடிவிட்டது. கடைசி ஷாட் பாக்கி. காயத்ரியின் வெல்வெட் ப்ளவுஸ் முதுகில் பிரிந்திருந்தது. அதை ராஜகுமாரியம்மாவின் அறையில் நாற்காலிமேல் போட்டுவிட்டு, நூல் எடுக்கப் போனேன்.

டப்...

ஜெனரேட்டர் நின்றது.

தடவித் தடவி அறைக்குத் திரும்பினேன். ஜன்னலின் மங்கல் வெளிச்சத்தில், எனக்கு முதுகைக் காட்டியபடி காயத்ரி நின்றிருந்தாள். ப்ளவுஸ் உடம்பில் இருந்தது.

"அடிப்பாவி, அதுக்குள்ள மாட்டிக்கிட்டியா? சரி, ஆடாம நில்லு. நூலக் கடிச்சுக்க."

தோளுக்கு மேலே நூலை நீட்டினேன். விரல்கள் வாங்கிக்கொண்டன. சில்லென்று இருந்தன. குன்னூர்க் குளிராச்சே என்று நினைத்தேன்.

தைத்தேன். சரக்... சரக்...

அந்துருண்டை வாசனை வந்தது. காயத்ரி போடுவது மல்லிகை சென்ட்.

ஊசி தவறி முதுகில் இறங்கியது.

"அய்யய்யோ! வலிக்குதா கண்ணு?"

உடம்பு துள்ளவே இல்லை.

அந்த முதுகு... மூச்சுக்கு ஏறி இறங்கவே இல்லை.

என் போன் அடித்தது. குனிந்து எடுத்தேன்.

காயத்ரி.

"அக்கா, எவ்ளோ நேரமா கேரவன்ல உக்காந்திருக்கேன்... ப்ளவுஸ் எங்கக்கா?"

நிமிர்ந்தேன்.

யாரும் இல்லை.

ப்ளவுஸ் தரையில் கிடந்தது. தைத்து முடிந்திருந்தது. கடிக்கக் கொடுத்த நூலை மட்டும் காணோம்.

"லைட் போகுது மேடம்!" என்று உதவி இயக்குநர் ஓடிவந்து ப்ளவுஸைப் பிடுங்கிக்கொண்டு போனார். நடந்ததைச் சொன்னால் யார் நம்புவார்கள்? காயத்ரி அதைப் போட்டு நடித்தாள். ஒரே டேக். செட்டே கைதட்டியது.

மறுநாள் காலை, பெட்டி கட்டும்போது பங்களா வாட்ச்மேன் வெள்ளியங்கிரியிடம் அந்த அறையைப் பற்றிக் கேட்டேன்.

"அங்கதானுங்க அம்மா செத்துக் கெடந்தாங்க. நாங்க பாக்கறதுக்குள்ள ஒடம்பு வெறச்சுப் போச்சுங்க. ஆசையாப் போடற வெல்வெட் ரவிக்கைய முதுகுல வெட்டி மாட்டி, அப்படியே தெச்சாங்க. பாதியில நூலு தீந்துருச்சு. பாதித் தையலோடவே அம்மாவ எடுத்துட்டோமுங்க."

"பல்லுல நூல் குடுத்தாங்களா?"

"பொணத்துக்கு எதுக்குங்க?"

மீதிப் பாதியைத் தைத்தது நான். உயிருள்ளவருக்குக் கொடுப்பதுபோல நூலும் கொடுத்திருந்தேன்...

காயத்ரி விடியற்காலையிலேயே காரில் ஊருக்குக் கிளம்பியிருந்தாள். போன் போட்டேன்.

"காயத்ரி, அந்த ப்ளவுஸ் எங்கடி?"

"போட்டிருக்கேன்."

பல்லில் எதையோ கடித்துக்கொண்டு பேசுவதுபோல் இருந்தது.

"கழட்டிரு கண்ணு... உடனே கழட்டிரு!"

"கடைசித் தையல் கோணல், மாலு."