ரோஸ்விதாவின் பதினான்காம் ஆண்டு

இருபத்துமூன்று வயதிலேயே ரோஸ்விதா கல்லன்பாக் கிழவியாகிவிட்டாள். முதல் நாடகத்தில் நரைமுடி வைத்து, முதுகைக் கூனிக்கொண்டு மேடையேறியவள்தான். அதற்குப் பிறகு கதாநாயகி வேடம் அவள் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. மாமியார், சலவைக்காரி, குடிகாரனின் பெண்டாட்டி என்றே காலம் ஓடியது. சினிமாவிலும் அதே கதிதான். முப்பது படங்களுக்கு மேல் நடித்தும் அவள் பெயர் யாருக்காவது தெரியுமா? எங்கே! ரொட்டி வாங்கப் போனால், "நீங்க ஆஸ்பத்திரியில நர்சுதானே?" என்பார்கள். ஆமாம் என்று தலையாட்டிவிட்டு வருவாள். அதில் அவளுக்கு ரகசியமாக ஒரு கர்வம்கூட உண்டு.

சினிமாவில் வருடத்துக்கு நாலைந்து நாள்தான் வேலை. அவளுக்கு வீடு, வாசல், மனிதர்கள் எல்லாமே ரூர் ஆற்றுப் பக்கத்து நிலக்கரி நகரம் ஒன்றின் நாடக அரங்கம்தான். அங்கே நடிகர்களின் ஒப்பந்தம் ஆண்டுதோறும் புதுப்பிக்கப்படும். பதினைந்து ஆண்டுகளைத் தாண்டிவிட்டால் ஆளை யாராலும் அசைக்க முடியாது; நீக்குவதானால் ஒரு வருடம் முன்பே சொல்லியாக வேண்டும். அதனாலேயே பதினான்காம் ஆண்டில் கழுத்துக்கு மேல் கத்தி தொங்கும். கோடை விடுமுறைக்கு முன் அரங்கத் தலைவர் தனியாகக் கூப்பிட்டால் கதை முடிந்தது என்று அர்த்தம். 1978இல் ரோஸ்விதாவுக்கு அது பதினான்காம் ஆண்டு. வயது ஐம்பத்துநான்கு.

ஜூன் மாதம் ஒரு காலை, ஒப்பனை அறைக்குள் கெர்லிண்டே நுழைந்தாள். மேடைக்கு அடியில் குழிக்குள் உட்கார்ந்து, மறந்த வசனத்தை எடுத்துக்கொடுப்பவள் அவள்.

"ஏண்டி, மூஞ்சியைத் தொங்கப்போட்டுக்கிட்டு உக்காந்திருக்கே? கூப்பிட்டுட்டானா?"

"பதினோரு மணிக்கு."

"அடப்பாவி! புதுத் தலைவன் வந்து முழுசா ஒரு வருஷம் ஆகல, அதுக்குள்ளயா?"

"ஏதாவது புது வேஷம் குடுக்கக் கூப்பிடுறாரோ என்னவோ."

"ஆமா, வேஷம் குடுக்கத்தான் முத்திரை குத்தி லெட்டர் அனுப்புவாங்க! போடி, இவளே."

சொல்லிவிட்டுக் கெர்லிண்டே மூக்கை உறிஞ்சினாள்.

புதுத் தலைவர் ஃபோல்க்மார் ஸ்டைன்ஹோஃப் மரியாதைக்காரர். காபி ஊற்றிக் கொடுத்தார்.

"உங்க மேல ஒரு குறையும் இல்லைங்க, கல்லன்பாக் அம்மா. எந்த வேஷம் குடுத்தாலும் செஞ்சுடுறீங்க. ஆனா என்னமோ, நீங்க மனசுல நிக்கமாட்டேங்கறீங்க. எனக்கு மனசைப் பிடிச்சு உலுக்குற முகம் வேணும்."

அவள் கோப்பையைத் தொடவில்லை. அவரே தொடர்ந்தார்.

"போன மாசம் டிவில ஒரு படம் பார்த்தேன். ஒரு குடியானவப் பொம்பளை. மகன் செத்த சேதி வருது. ஒண்ணும் பேசாம உருளைக்கிழங்குத் தோலைச் சீவிக்கிட்டே இருப்பா. ரெண்டு நாள் எனக்குத் தூக்கம் இல்லைங்க. அந்த மாதிரி ஒருத்தி வேணும். பேரு தெரியல, தேடச் சொல்லியிருக்கேன்."

தெய்வமே வழி காட்டிவிட்டது என்று ரோஸ்விதா நினைத்தாள்.

"அது நான்தாங்க."

அவர் சிரித்தார். அவள் தலை குனிந்தாள். தோள் இறங்கியது, தாடை தொங்கியது. வெறுங்கைகள் இல்லாத கிழங்கைச் சீவத் தொடங்கின. அவர் சிரிப்பு அப்படியே நின்றுபோனது. நாற்காலியிலிருந்து பாதி எழுந்துவிட்டார். கண்கூடக் கலங்கியது. வேலை பிழைத்துவிட்டது என்றே அவள் நம்பினாள்.

ஆனால் இப்போது விட்டால் இந்தப் பெண்மணி கடைசிவரை இங்கேதான் என்பது அவருக்குத் தெரியும். உட்கார்ந்தார். தொண்டையைச் செருமினார்.

"அப்படின்னா நல்லதாப் போச்சு. உங்களுக்கு வேற எடத்துல வேலை கெடைக்கறது கஷ்டமே இல்லையே" என்று வேலைநீக்கக் கடிதத்தை மேசைமேல் அவள் பக்கம் தள்ளினார். மனுஷனா அவன்!

இன்னும் ஒரு வருடம் நடிக்கலாம், அதோடு சரி. அன்று மாலையும் நாடகம் இருந்தது. திரைக்குப் பின்னால் நின்றவளின் இடது தோளுக்கு மேல் கெர்லிண்டே மூன்று முறை துப்புவதுபோல் செய்து, "தோய், தோய், தோய்" என்றாள். நாடகம் நன்றாக நடக்கச் சொல்லும் இந்த வாழ்த்துக்கு நாடகக்காரர்கள் நன்றி சொல்லவே மாட்டார்கள். சொன்னால் கெட்டது வந்து சேரும்.

"ரொம்ப நன்றி, கெர்லிண்டே" என்றாள் ரோஸ்விதா.

"அய்யய்யோ, என்னடி சொல்லிட்டே! முப்பது வருஷம் மேடையில இருந்தவ பேசுற பேச்சா இது?"

"இத்தனை வருஷமாச் சொல்லாம இருந்தேனே, கெட்டது வராமப் போச்சா, பாரு" என்று சொல்லிவிட்டு ரோஸ்விதா முதுகைக் கூனிக்கொண்டு மேடைக்குள் போனாள்.