கதவில்லாத வீட்டுக்கு வந்த நோட்டீஸ்

போடியிலிருந்து மலைக்கு ஏறும் சாலையை ஒட்டி, ஓடைக்கரைப் புறம்போக்கில் எங்கள் வீடும் இன்னும் சில வீடுகளும் இருந்தன. விடியுமுன்னே ஜீப்புகள் வந்து பெரியவர்களை ஏலக்காய்த் தோட்டங்களுக்கு அள்ளிக்கொண்டு போய்விடும். பகலில் எங்கள் தெருவில் கோழிகள்தான் குடும்பம் நடத்தும்.

அன்று எனக்குக் காய்ச்சல். பள்ளிக்கூடம் போகாமல், நிறைமாதமாக இருந்த சித்தியோடு வீட்டில் படுத்திருந்தேன். ஒரு ஜேசிபியும் அதன் பின்னாலேயே தாலுகா ஆபீஸ் ஜீப்பும் வந்து நின்றன. ஜேசிபியை அவ்வளவு பக்கத்தில் நான் பார்த்ததே இல்லை. அந்தச் சந்தோஷத்தில் காய்ச்சல் பாதி இறங்கிவிட்டது.

ஜீப்பிலிருந்து இறங்கிய அதிகாரி, ஓடையை அகலப்படுத்தப் போகிறார்கள், சாமான்களை வெளியே எடுத்து வையுங்கள் என்றார். முந்தின மழைக்கு ஓடை உடைத்துக்கொண்டு ஊருக்குள் தண்ணீர் புகுந்தது உண்மைதான். சித்தி என்னிடம், "ஏ புள்ள, அந்தச் சேரைக் கொண்டா" என்றாள்.

வந்தவருக்கு உபசாரம் என்று நினைத்து நாற்காலியை இழுத்து வந்தேன். சித்தி அதை ஜேசிபிக்கு நேர் எதிரே போட்டு, இடுப்பைப் பிடித்துக்கொண்டு மெல்ல உட்கார்ந்தாள். ஓட்டுநர் இன்ஜினை அணைத்துவிட்டார்.

"எந்திரிம்மா. நோட்டீஸ் குடுத்து மாசமாச்சு" என்றார் அதிகாரி.

"யாருகிட்ட சார் குடுத்தீக?"

"வீட்டுல ஆள் இல்ல. கதவுல ஒட்டியாச்சு."

"எந்தக் கதவுல?"

அதிகாரி எங்கள் வீட்டைப் பார்த்தார். வாசலில் சாக்குப் படுதா தொங்கியது. அடுத்த வீட்டைப் பார்த்தார். அங்கே பழைய சேலை.

"காலி பண்ண மாட்டோம்னு சொல்லல சார். எங்க ஆளுகெல்லாம் மலைக்குப் போயிருக்காக. அவுக இருக்கையில வந்து கேளுங்க. எங்களுக்கும் சொல்றதுக்கு இருக்கு."

அவர் தள்ளிப் போய் வெகுநேரம் போனில் பேசினார். திரும்பி வந்தபோது முகம் கடுகடுவென்றிருந்தது. ஆனாலும் ஜேசிபியைத் திருப்பச் சொன்னார். ஒரு கூடை மண்கூட அள்ளிக் காட்டாமல் அது போனதில் எனக்குப் பெரிய வருத்தம்.

அதன் பிறகு நோட்டீஸ் கையிலேயே வந்து சேர்ந்தது. எல்லோருக்கும் லீவு கிடைக்கிற ஞாயிற்றுக்கிழமையில், எங்கள் பள்ளிக்கூடத்திலேயே விசாரணை வைத்தார்கள். கல்யாணத்துக்குப் போவதுபோல் தலைசீவிக் கிளம்பினோம். நான் உட்காரும் பெஞ்சில் அப்பா முழங்கால் இடிக்க உட்கார்ந்திருந்தார். பேசச் சொன்னதும் அவருக்கு வேர்த்துக் கொட்டியது. கைக்குழந்தையோடு எழுந்த சித்திதான் தெளிவாகச் சொன்னாள். ஓடைக்கு வழி விடுகிறோம். ஆனால் பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்கு நடக்கிற தூரத்தில், ஜீப்பு வந்து நிற்கிற ரோட்டோரமாக இடம் வேண்டும். பரீட்சை முடிகிறவரை விட்டுவைக்க வேண்டும்.

தாசில்தார் ஒரு பெண். எழுதி முடித்ததைத் தானே உரக்க வாசித்துவிட்டு, "நீங்க சொன்னது இதானேம்மா? ஏதும் விட்டுப்போச்சா?" என்று கேட்டார்.

சித்தி இல்லையென்று தலையாட்டினாள். உடனே முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழத் தொடங்கிவிட்டாள்.

பரீட்சை முடிந்த பிறகுதான் காலி செய்தோம். சிலமலை ரோட்டோரம் பட்டாவோடு இடம் கிடைத்தது. பள்ளிக்கூடம் கேட்டதைவிடக் கொஞ்சம் தூரம். அதையும் சொல்லி, பஸ்சு நிற்க ஏற்பாடு செய்ய வைத்தாள் சித்தி.

ஆனால் இதெல்லாம் பின்னால் நடந்தவை. அந்த ஞாயிற்றுக்கிழமை எங்களுக்கு யாரும் எதுவும் தரவில்லை, தருவதாகச் சொல்லவுமில்லை. "சித்தியை யாரும் வையலயேம்மா, எதுக்கு அழுதுச்சு?" என்று கேட்டேன். "பேசாம வெரசா நட" என்ற அம்மாவின் கண்களும் சிவந்திருந்தன. முன்னால் அப்பா மற்ற ஆண்களோடு சத்தமாகச் சிரித்துப் பேசிக்கொண்டு போனார். வெறுங்கையோடு திரும்புகிறவர்கள் ஏன் திருவிழா பார்த்துவிட்டு வருகிறவர்கள்போல் நடக்கிறார்கள் என்று எனக்கு விளங்கவேயில்லை.