பெரியகல்லாற்றில் ஓர் ஆபிரிக்கத் தோணிக்காரன்

மட்டக்களப்புக்கு நான் முதன்முதலாகப் போனது 1974ஆம் ஆண்டு ஓகஸ்ட் விடுமுறையில். அந்த ஊர் வாவியில் பாடுமாம் என்கிற மீனைக் கேட்டாயா என்று இன்றைக்கும் ஆட்கள் கேட்கிறார்கள். கேட்கவில்லை. நான் போனது ஒரு நாடகம் பார்க்க. அது நான் தமிழாக்கிய நாடகம்.

அப்போது கொழும்பில் ஒரு பெண்கள் பாடசாலையில் ஆங்கிலம் படிப்பித்துக்கொண்டிருந்தேன். வயது இருபத்தாறு. நடைபாதைப் பழைய புத்தகக் கடைகளில் ஆபிரிக்க எழுத்தாளர்களின் மலிவுப் பதிப்புகள் ஒரு ரூபாய்க்கும் ஒன்றரை ரூபாய்க்கும் கிடைத்த காலம் அது. எங்களுக்கெல்லாம் பைத்தியம் பிடித்திருந்தது. பாதிரியார் வைத்த பெயரும் தகப்பன் வைத்த பெயருமாக இரண்டு பெயரோடு அலைகிற கதாநாயகர்கள், தங்களை ஆண்ட வெள்ளைக்காரனின் மொழியிலேயே அவனைத் திட்டலாமா என்று சண்டை பிடிக்கிற எழுத்தாளர்கள், கொடி மாறியும் நாற்காலி மாறாத நாடுகள். இதெல்லாம் நம்முடைய கதை என்று சத்தியம் பண்ணத் தயாராக இருந்தோம்.

நான் மொழிபெயர்த்த ஆபிரிக்க நாடகத்தின் கதை சின்னது. ஆற்றங்கரைக் கிராமம். குடிசை வரி வாங்க வெள்ளைக்கார அதிகாரி அக்கரைக்குப் போகவேண்டும். தோணிக்காரன் ஏற்ற மறுக்கிறான். அடிபடுகிறான், மறியலில் அடைக்கப்படுகிறான், திரும்பி வந்தும் மறுக்கிறான். சுதந்திரம் கிடைத்தபின் அதே தொப்பியோடு ஊர்க்காரன் ஒருவன் வரி வாங்க வருகிறான். தோணிக்காரன் அவனையும் ஏற்ற மறுக்கிறான். இது ஒரு சிறு சஞ்சிகையில் வந்தது. பெரியகல்லாற்றைச் சேர்ந்த சிவபாலன் மாஸ்டர் அதை வாசித்துவிட்டு, மேடையேற்றுகிறோம், வந்து பாருங்கள் என்று எழுதியிருந்தார்.

கொழும்புக் கோட்டையிலிருந்து இரவு மெயிலில் போனேன். மூன்றாம் வகுப்பு, பத்துப் பதினொரு ரூபாய் என்று ஞாபகம். பெண்களுக்கென்று தனிப் பெட்டி இருந்தது. சாப்பாட்டைக் கட்டிக்கொண்டு போனது நல்லதாய்ப் போயிற்று, ஏனென்றால் அரிசிக்குத் தட்டுப்பாடு, கடைகளில் வாரத்தில் சில நாள் சோறே விற்கக்கூடாது என்றிருந்த நேரம். பொலநறுவை கடந்ததும் விடிந்தது. வாழைச்சேனையில் கச்சான் காற்று முகத்தில் அடித்தது. தென்மேற்கிலிருந்து வீசுகிற இந்தக் காற்று நல்ல சூடு. தலைமயிரை எண்ணெய் வைத்து இறுக்கிப் பின்னிக்கொண்டு போவது புத்தி.

நிலையத்தில் மாஸ்டர் அனுப்பிய வாடகைக் கார் நின்றது. பழைய மொறிஸ் மைனர். ஓட்டுநரின் பெயர் அன்ரன். முப்பது வயதிருக்கும். சுருட்டை மயிர், அகன்ற மூக்கு, நல்ல கறுப்பு, பார்த்தவர் திரும்பிப் பார்க்கிற உயரம். போர்த்துக்கேயர் வழிவந்த மட்டக்களப்புப் பறங்கியர். வீட்டில் போர்த்துக்கேயம் கலந்த தங்கள் பேச்சும் வெளியில் மட்டக்களப்புத் தமிழும் பேசுகிறவர்கள். அவருடைய தாயார் நாவற்குடாவில் வாடகை வீட்டில் தையல் வேலை செய்துவந்தார். முன்னறையில் நான் தங்க மாஸ்டர் ஒழுங்கு செய்திருந்தார். கல்லடிப் பாலத்தைத் தாண்டும்போது, தோணிக்காரனாக யார் நடிக்கிறார் என்று சும்மா கேட்டேன். "நான்தான் மிஸ். மம்மாக்குச் சொல்லிராதீங்க" என்றார்.

அன்று மாலையே ஒத்திகைக்குப் போனோம். நாவற்குடாவிலிருந்து தெற்கே கடலை ஒட்டிய ஒரே நேர்வீதி, காத்தான்குடி, ஆரையம்பதி, களுவாஞ்சிகுடி என்று போகும். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வாவி. நகரிலிருந்து பெரியகல்லாற்றுக்கு இருபது மைலுக்குச் சற்றுக் குறைவு. அன்ரன் வசனம் பேசத் தொடங்கியதும் எனக்கு மேல் சிலிர்த்தது. நான் மேசையில் உட்கார்ந்து எழுதிய தமிழ் அந்த மனிதரின் வாயில் ஈரமும் உப்புமாக வந்தது. இவரை எப்படிக் கண்டுபிடித்தீர்கள் என்று மாஸ்டரிடம் கேட்டேன். ஒளிவுமறைவில்லாத மனிதர் அவர். தலைமயிரையும் முகத்தையும் பார்த்துத்தான் கூப்பிட்டேன், ஆபிரிக்காவை நமக்குக் கடவுள் வாசலில் கொண்டுவந்து விட்டிருக்கிறார் என்றார். அது எவ்வளவு உண்மை என்று அவருக்கும் முழுக்கத் தெரியாது.

மறுநாள்தான் எனக்குத் தெரியவந்தது. அன்ரனின் தாயார் மேரி அன்ரி மெலிந்த, குரல் உயர்த்தாத மனுசி. மகள் ஸ்டெல்லாவுக்குத் திருகோணமலையிலிருந்து ஒரு சம்பந்தம் வந்திருந்தது. மாப்பிள்ளையின் பெயர் பேசில், துறைமுகத்தில் வேலை. அவரும் தாயாரும் வெள்ளிக்கிழமை வந்து, நகரத்தில் தங்கி, ஞாயிறன்று நாள் குறித்துவிட்டுப் போவதாக ஏற்பாடு. நாடகம் சனிக்கிழமை. துணி தைக்க வந்த யாரோ வாய்தவறி, ஒங்கட மகன்தானே கதாநாயகன் என்று சொல்லிவிட்டார்கள்.

மேரி அன்ரி சத்தம் போடவில்லை. என்னையும் வைத்துக்கொண்டே மகனிடம் பேசினார். மேரி அன்ரியின் தகப்பனைப் பெற்ற அப்பப்பாவை வெள்ளைக்காரன் பட்டாளத்தோடு ஆபிரிக்காவிலிருந்து கொண்டுவந்திருக்கிறான். இங்கே ஒரு பறங்கிப் பெண்ணைக் கலியாணம் முடித்திருக்கிறார். நகரத்தில் அவர்கள் இருந்த தெருவில் அந்த வீட்டுக்குப் பெயரே, ஆபிரிக்கரை இளக்காரமாகச் சொல்கிற சொல்லில், காப்பிலி வீடு. தபால்காரனும் அப்படித்தான் கேட்டு வருவானாம். அந்தச் சொல் காதில் விழாத இடம் தேடித்தான் கலியாணமான கையோடு நாவற்குடாவுக்கு வந்தேன், இங்கே எங்களைப் பறங்கியர் என்று மட்டும்தான் தெரியும் என்றார்.

"நான் இவ்வளவு காலம் மூடி வெச்சத நீ மேடையில ஏறி மைக்கில சொல்லப்போறியா மகன்? ஸ்டெல்லாவ யாரு முடிப்பான்?"

ஸ்டெல்லா தையல் மெஷினில் உட்கார்ந்து தைத்துக்கொண்டே இருந்தாள். அவளை யாரும் எதுவும் கேட்கவில்லை.

அன்றைக்கே அன்ரன் மாஸ்டரிடம் போய், நடிக்க ஏலாது என்று காரணத்தையும் சொன்னார். மாஸ்டருக்குக் கண் கலங்கிவிட்டது. அப்படியென்றால் நீங்கள்தான் நடிக்கவேண்டும், இதைவிட வேறு எதிர்ப்பு என்ன இருக்கிறது, இது உங்களுடைய சொந்தக் கதையல்லவா என்று கையைப் பிடித்துக்கொண்டார். என் மனமும் மாஸ்டர் பக்கம்தான் நின்றது, பொய் சொல்லக்கூடாது. அன்ரன் கையை மெல்ல விடுவித்துக்கொண்டார்.

"மாஸ்டர், நீங்க புத்தகம் வாசிச்சு ஆபிரிக்காக்குப் போறீங்க. நல்லம். எங்கட மம்மா அங்கயிரிந்து வெளிய வாறதுக்கு ஒரு வாழ்நாள் எடுத்திரிக்கா."

அதற்கு மேல் மாஸ்டர் வற்புறுத்தவில்லை. தானே தோணிக்காரனாக நடிப்பதாகச் சொன்னார். மாஸ்டர் நல்ல சிவலை நிறம். கரி பூசினால் சரியாகிவிடும் என்று யாரோ சொன்னார்கள். அந்த நேரத்தில் அது எங்கள் ஒருவருக்கும் உறுத்தவில்லை என்பதை இன்று நினைக்க வெட்கமாயிருக்கிறது.

சனிக்கிழமை காலை மாப்பிள்ளை வீட்டாரைப் பாசிக்குடாவுக்குக் கூட்டிப் போனோம். நகரத்திலிருந்து வடக்கே இருபத்திரண்டு மைல். ஹோட்டல்கள் அப்போதுதான் தலைகாட்டத் தொடங்கியிருந்தன. கடலுக்குள் எவ்வளவு தூரம் நடந்தாலும் தண்ணீர் இடுப்புக்கு மேல் ஏறாது. நீந்தத் தெரியாத என் போன்றவர்களுக்கு வரப்பிரசாதம். பேசிலைப் பற்றி ஒரு குறையும் சொல்ல முடியாது. தாயாரின் செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு நடந்தார். ஸ்டெல்லாவின் தையலைப் பற்றி விசாரித்தார். கலியாணத்துக்குப் பிறகும் தைக்கலாம், மெஷின் ஒன்று வாங்கித் தருகிறேன் என்றார். ஸ்டெல்லா முதன்முறையாகப் பல் தெரியச் சிரித்ததை அங்கேதான் கண்டேன். எனக்கே அவரைப் பிடித்துப் போயிற்று.

திரும்பும் வழியில், நான் எதற்காகக் கொழும்பிலிருந்து வந்தேன் என்று பேசில் கேட்டார். நாடகம் என்றதும் நாமும் போவோம் என்று ஆசைப்பட்டார். வேண்டாம் என்று சொல்ல மேரி அன்ரியிடம் சொல்லக்கூடிய காரணம் எதுவும் இல்லை. மகன் மேடையில் இல்லையே என்ற நிம்மதியில் சம்மதித்தார்.

அன்றிரவு பெரியகல்லாற்றில் வாவிக்கரைப் பக்கம் ஒரு வெளியில் மேடை. சனம் பாயோடு வந்து நிறைந்திருந்தது. திரை விலகியது. மாஸ்டர் வந்தார். முகமும் கைகாலும் அடுப்புக்கரி, தலையில் தென்னந்தும்பால் செய்த சுருட்டை மயிர், உதட்டைத் தடிப்பாகக் காட்டச் சிவப்புச் சாயம். சனம் கொல்லென்று சிரித்தது. சிறிசுகள் மேரி அன்ரி ஓடிவந்த அந்தச் சொல்லையே சொல்லிக் கூவின. மாஸ்டர் நல்ல நடிகர். கால் மணி நேரத்தில் கூட்டத்தைக் கட்டிப் போட்டுவிட்டார். அடி விழுந்தபோது முன்வரிசைப் பெண்கள் அழுதார்கள்.

பேசிலுக்கு மட்டும் சிரிப்பு அடங்கவில்லை. தும்பு மயிர் ஆடும்போதெல்லாம் குலுங்கினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஸ்டெல்லாவின் பக்கம் சாய்ந்து, உதட்டைப் பிதுக்கி மாஸ்டரைப் போலச் செய்து காட்டினார். அவளைச் சிரிக்கவைக்கத்தான் செய்தார். ஸ்டெல்லா மேடையைப் பார்க்கவில்லை. அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். அன்ரன் எழுந்து காரடிக்குப் போய்விட்டார்.

ஞாயிற்றுக்கிழமைக் காலையை எழுதிவிட்டால் அதன்பிறகு பஸ் விபரம் எழுத எனக்குக் கை வராது. அதனால் போகிறவர்களுக்கான குறிப்புகளை இங்கேயே சொல்லிவிடுகிறேன். மே தொடக்கம் செப்டெம்பர் வரை போங்கள், வெயிலைத் தாங்கினால் போதும். கார்த்திகை மார்கழியில் வெள்ளம் வீதியை மறிக்கும். கொழும்பிலிருந்து இரவு ரயில் இன்றும் இருக்கிறது, இருக்கையை முன்கூட்டிப் பதிவு செய்யுங்கள். பெரியகல்லாற்றுக்கு மட்டக்களப்பு நகரிலிருந்து கல்முனை பஸ்ஸில் ஏறினால் ஒரு மணித்தியாலம். பாசிக்குடாவுக்கு வாழைச்சேனை பஸ்ஸில் போய் இறங்கி முச்சக்கர வண்டி பிடிக்கலாம், ஏறுமுன் கூலியைப் பேசிக்கொள்ளுங்கள். பறங்கியர் வீடுகளில் இப்போதும் தையலும் தச்சும் நடக்கின்றன. போனால் மரியாதையாகப் பேசுங்கள், எங்கிருந்து வந்தவர்கள் என்று முதல் வாயிலேயே கேட்காதீர்கள்.

இன்னொன்று. எதிர்ப்பு, அடையாளம் என்று ஆபிரிக்க இலக்கியத்தைப் பற்றி ஆய்வு செய்கிற பிள்ளைகள் எனக்கு மின்னஞ்சல் எழுதுகிறார்கள். அந்த நாடகம் சஞ்சிகையில் வந்தபோது முன்னுரையில், தோணிக்காரன் நம் எல்லோருடைய குரலிலும் பேசுகிறான் என்று நான் எழுதியிருந்தேன். பிறகு புத்தகமாக வந்ததில் அந்த வரி இல்லையே, ஏன் என்று ஒரு பிள்ளை கேட்டிருந்தது. நான் சொல்லக்கூடிய பதில் அந்த ஞாயிற்றுக்கிழமைதான்.

விடிந்ததும் ஸ்டெல்லா குசினியில் தாயாரிடம், எனக்கு இந்தக் கலியாணம் வேண்டாம் என்றாள். மேரி அன்ரி பதறிப்போனார். அவன் நல்ல பிள்ளை, எங்களைப் பற்றி அவனுக்குத் தெரியாது, தெரியாமல் சிரித்ததைப் பெரிதுபடுத்தாதே என்று கெஞ்சினார்.

"அதுதான் மம்மா" என்றாள் ஸ்டெல்லா. "அவருக்குத் தெரியாது. கலியாணத்துக்கு மறுகாவும் தெரியாம வெச்சிருக்கோணும். அவர் சிரிக்கக்குள்ளயெல்லாம் நானும் பக்கத்தில இரிந்து சிரிக்கோணும். எனக்கு ஏலா."

மேரி அன்ரி அடுப்படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். கேத்தல் தண்ணீர் கொதித்துப் பொங்கியும் எழும்பவில்லை. நான்தான் இறக்கி வைத்தேன்.

பத்து மணிக்குப் பேசிலும் தாயாரும் வந்தார்கள். மேசையில் கேக்கும் தேநீரும் வைத்திருந்தது. சாக்குச் சொல்ல ஆயிரம் வழி இருந்தது. பெண்ணுக்கு உடம்பு சரியில்லை என்று சொல்லலாம், அடுத்த வருடம் பார்ப்போம் என்று சொல்லலாம். அப்படி ஏதோ சொல்லி அனுப்பிவிடுவார் என்றுதான் நானும் அன்ரனும் நினைத்தோம். மேரி அன்ரி சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு பேசிலுக்கு நேரே உட்கார்ந்தார். என் அப்பப்பா ஆபிரிக்காக்காரர் என்றார். அவருடைய பெயரைச் சொன்னார். என் மகனின் முகம் அவருடைய முகம்தான் என்று அன்ரனைக் காட்டினார். ஸ்டெல்லாவுக்கு இந்தச் சம்பந்தத்தில் விருப்பமில்லை, காரணம் இதுதான் என்றார். எல்லாம் வழக்கமான அதே தாழ்ந்த குரலில்.

பேசிலின் தாயார் எழுந்துவிட்டார். பேசில் எழவில்லை. முகம் வெளுத்துப்போய் இருந்தார். அவர் வருந்தினார், அதில் எனக்குச் சந்தேகமில்லை.

"எனக்குத் தெரியாது அன்ரி. தெரிஞ்சிருந்தாச் சிரிச்சிரிக்க மாட்டன்."

"ஓம் மகன்" என்றார் மேரி அன்ரி. "எங்களுக்கு முன்னால சிரிச்சிரிக்க மாட்டீங்க."

பிறகு எழுந்து, வெட்டாமல் கிடந்த கேக்கைத் தாளில் சுற்றி அவர் கையில் கொடுத்தார். திருகோணமலை தூரம், வழியில் பசிக்கும் என்றார்.