எனக்கென்று வறுத்த மக்ரூத்

டென்மார்க்கின் வைலே நகரத்துக் கடையில் ரவை, குழந்தைக் கஞ்சிச் சாமான்களோடு அடுக்கப்பட்டிருக்கும். நான்கு பெட்டிகளோடு வரிசையில் நின்ற என்னிடம் காசு வாங்கும் பெண், "பேரப்பிள்ளைக்கா? எத்தனை வயது?" என்று கனிவாகக் கேட்டாள். "ஐம்பத்தெட்டு" என்றேன். சிரித்தாள். டேனிஷ்காரரைச் சிரிக்கவைக்க முப்பது வருடமாக முயன்று தோற்றவன் நான். உண்மையைச் சொன்னதும் பலித்துவிட்டது. அது என் மனைவி வசந்தியின் வயது. இனி ஏறாது.

ரவை அவளுடைய ஆண்டுத் திவசத்துக்கு. போனவருக்குப் பிடித்ததைப் படைக்க வேண்டும். வசந்திக்குப் பிடித்தது மக்ரூத். ரவை மாவுக்குள் பேரீச்சம்பழத்தை மசித்து வைத்து உருட்டி, சரிவாக வெட்டி, பொரித்துத் தேனில் தோய்க்கும் துனிசியப் பலகாரம். மீன் தொழிற்சாலையில் அவளுக்குப் பக்கத்தில் நின்ற லத்தீஃபா பழக்கியது. அந்த இருவரும் பேசிய டேனிஷ் டேனிஷ்காரருக்கு விளங்காது. அவர்களுக்குள் ஒரு சொல் வீணாகாது.

வசந்தி முதன்முதலில் செய்தது வாயில் மணலாய் உதிர்ந்தது. மறுநாள் வேலைக்கு ஒரு டப்பா நிறையக் கட்டித் தந்தாள். துறைமுகத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி, அவ்வளவையும் கடற்புறாக்களுக்குக் கொட்டினேன். மாலையில் டப்பாவைத் திறந்தவள், "என்னப்பா, ஒண்டும் மிச்சமில்லை" என்றாள். "நல்லாயிருந்தது" என்றேன். அதன் பிறகு ஒவ்வொரு பெருநாளுக்கும் டப்பா வந்தது. திறந்து பார்ப்பேன், உதிர்ந்திருக்கும். பாவம், இவளுக்குக் கடைசிவரை கைகூடவில்லை என்று பறவைகளிடம் ஒப்படைப்பேன். வீட்டில் இருந்ததை நான் தொடுவதேயில்லை. அம்மா செய்வது அருமை என்று மகள் சொல்லும்போது, தாய்ப்பாசம் நாக்கையும் கெடுக்கும் என்று நினைத்துக்கொள்வேன்.

இம்முறை நானே அடுப்படியில் நின்றேன். ரவையைக் கண்டால் வறுக்கிற கை எங்களுடையது. வாசம் வரும்வரை வறுத்து, வெண்ணெய் உருக்கி ஊற்றிப் பிசைந்தேன். பிடிபடவில்லை. எண்ணெயில் பாதி கரைந்தது. மகள் எட்டிப் பார்த்து, "ஃபார், லத்தீஃபாவைக் கூப்பிடு" என்று அப்பாவுக்கு டேனிஷில் தீர்ப்புச் சொன்னாள்.

லத்தீஃபா கோட்டைக் கழற்றுமுன்பே மோப்பம் பிடித்தாள். "வறுத்தாயா?" டேனிஷில் எல்லோரும் நீதான். "பச்சை ரவையில் செய்ய வேண்டும். வசந்தியும் முதல்முறை வறுத்தாள்."

"பிறகு நீ சொல்லிக் கொடுக்கவில்லையா?"

"கொடுத்தேன். எங்களுக்கெல்லாம் சரியாகத்தான் செய்வாள். உனக்கு மட்டும் தனியாக ஒரு பங்கை வறுப்பாள். 'என் மனுசனுக்கு உதிர்ந்தால்தான் பிடிக்கும், ஒன்றும் மிச்சம் வைக்கமாட்டார்' என்பாள். உன் பங்குக்கு வேலை அதிகம், தெரியுமா? கையில் நிற்காது. ஒவ்வொன்றாக அமுக்கிப் பிடிப்பாள்."

நான் அடுப்பை அணைத்தேன். அது ஏற்கெனவே அணைந்திருந்தது.

லத்தீஃபா புதிதாகப் பிசைந்தாள். வசந்தியின் படத்துக்கு முன்னால் வாழையிலையில் சோறு, கறி, பக்கத்தில் தேன் வடியும் மக்ரூத். படைத்தபின் காகத்துக்கென்று ஒரு பங்கைப் பால்கனியில் வைத்துக் கூப்பிட்டேன். காகங்கள் இங்கும் உண்டு. கூப்பிட்டு வருகிற பழக்கம் இல்லை. துறைமுகப் பக்கமிருந்து கடற்புறாக்கள்தான் வந்தன. இந்த ஊரில் என்னை நன்றாகத் தெரிந்தவை.

அவை நல்லதைத் தின்றன. நான் பால்கனி வாசற்படியில், ஒரு கால் வீட்டுக்குள்ளும் ஒரு கால் குளிரிலுமாக நின்று, கிண்ணத்திலிருந்த என் பங்கை, நான் வறுத்து உதிர்ந்ததை, அள்ளி அள்ளித் தின்றேன். மணல்தான். மிச்சம் வைக்கவில்லை.